ஒரு யூனிட் ஜல்லியில் கல் எவ்வளவு, காற்று எவ்வளவு?

மாமல்லபுரத்துக் குன்றின் சரிவில் உருளாமல் நிற்கிறது கிருஷ்ணரின் வெண்ணெய் உருண்டைக் கல். உயரம் ஏறக்குறைய 6 மீட்டர், அகலம் 5 மீட்டர், எடை சுமார் 250 டன். அதைக் கையால் தள்ளுவதுபோல் படம் எடுத்துக்கொள்ளாமல் ஊர் திரும்புகிறவர்கள் குறைவு. அந்தக் கல்லை வைத்து ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். அதே எடையுள்ள வேறொரு பாறை ஒரு குவாரியிலிருந்து கிரஷருக்குப் போகிறது. முழுவதும் முக்கால் அங்குல ஜல்லியாக உடைந்து வெளியே வருகிறது என்று வைத்துக்கொள்வோம். எத்தனை யூனிட் தேறும்?

வீடு கட்டியவர்களுக்கு யூனிட் தெரிந்த அளவுதான். ஒரு யூனிட் என்பது 100 கன அடி. மெட்ரிக் கணக்கில் 2.83 கன மீட்டர். கருங்கல் ஒரு கன மீட்டர் ஏறத்தாழ 2.7 டன் இருக்கும். 250 டன்னை 2.7ஆல் வகுத்தால் 92.6 கன மீட்டர் வருகிறது. அதாவது 3,270 கன அடி, கிட்டத்தட்ட 33 யூனிட். ஆனால் உடைத்த ஜல்லியை லாரிகளில் ஏற்றி அளந்தால் 33 யூனிட் வராது. ஏறக்குறைய 60 யூனிட் வரும்! எடை அதே 250 டன். ஒரு துண்டுக் கல்கூடப் புதிதாகச் சேரவில்லை. கூடுதலாக வந்த 27 யூனிட்டும் காற்று.

ஜல்லிக் கணக்கின் மொத்த ரகசியமும் இந்தக் காற்றில்தான் இருக்கிறது. எவ்வளவு வாங்குவது, எவ்வளவு விலை கொடுப்பது, லாரிக்காரர் சொன்ன அளவு சரியா, தளத்துக்கு எத்தனை மூட்டை சிமென்ட் என்று எந்தக் கேள்வியை எடுத்தாலும், கல்லுக்கும் கல்லுக்கும் நடுவில் இருக்கும் இடைவெளியில்தான் போய் நிற்கும்.

அதைக் கண்ணால் பார்க்க ஒரு வாளி போதும். 20 லிட்டர் பெயின்ட் வாளியில் முக்கால் ஜல்லியை விளிம்பு மட்டத்துக்கு நிரப்புங்கள். இனி ஒரு கல்லும் கொள்ளாது. இப்போது ஒரு லிட்டர் பாட்டிலால் அளந்து தண்ணீர் ஊற்றுங்கள். ஒன்று, இரண்டு, மூன்று… தண்ணீர் கண்ணுக்கே தெரியாமல் உள்ளே போய்க்கொண்டிருக்கும். ஐந்து பாட்டிலுக்குப் பிறகும் தண்ணீர் மட்டம் மேலே எட்டியிருக்காது. ஒன்பதாவது பாட்டில் முடியும் தறுவாயில்தான் கற்களின் நடுவே தண்ணீர் மினுங்கும். 20 லிட்டர் வாளியில் 9 லிட்டர் இடம் காலியாக இருந்திருக்கிறது. நூற்றுக்கு 45 பங்கு. மொத்தக் கொள்ளளவில் காலியிடம் எத்தனை பங்கு என்று சொல்லும் இந்த எண்ணுக்கு ‘வெற்றிட விகிதம்’ என்று பெயர் வைத்துக்கொள்ளலாம். தண்ணீரைக் கொட்டிவிட்டு எடை போட்டால் வாளிக்குள் ஏறத்தாழ 30 கிலோ கல் இருக்கும்.

பாறை உடைந்தால் உப்பும் என்ற இந்த உண்மை பல்லவர் காலச் சிற்பிகளுக்குத் தினசரிச் சுமையாக இருந்திருக்கும். மாமல்லபுரத்தில் முற்றுப்பெறாத குடைவரைகளில் அவர்களுடைய வேலைமுறை இன்றும் தெரிகிறது. பாறை முகப்பில் கட்டம் கட்டமாகப் பள்ளக் கோடுகள் வெட்டி, நடுவில் நின்ற சதுரங்களைத் தட்டிப் பெயர்த்தெடுத்து உள்ளே போனார்கள். 20 அடி நீளம், 10 அடி அகலம், 10 அடி உயரத்தில் ஒரு மண்டபம் குடைந்தால் 2,000 கன அடிப் பாறை வெளியேற வேண்டும். அது 20 யூனிட். ஆனால் கூடை கூடையாக வெளியே சுமந்து கொட்டியபோது குவிந்தது ஏறக்குறைய 36 யூனிட் சில்லுகள்! ஒவ்வொரு குடைவரைக்கும், தன்னைவிடப் பெரிய குவியல் ஒன்று அதன் வாசலில் கிடந்திருக்கும்.

அடுத்தது நம்பக் கடினமான ஒரு செய்தி. ஒரே அளவுள்ள இன்னொரு வாளியில் ஒன்றரை அங்குல ஜல்லியை நிரப்புங்கள். கற்கள் இருமடங்கு பெரியவை. நடுவில் உள்ள சந்துகளும் பெரியவை. காற்று அதிகமாக இருக்கும் என்றுதான் கண் சொல்லும். எடை போட்டால் அதே 30 கிலோவை ஒட்டித்தான் வரும். கல் பெரிதானால் சந்தும் பெரிதாகிறது, ஆனால் சந்துகளின் எண்ணிக்கை அதே கணக்கில் குறைந்துவிடுகிறது. கற்கள் எல்லாம் ஒரே அளவில், ஒரே வடிவில் இருக்கும்வரை வெற்றிட விகிதம் கல்லின் பருமனைப் பொறுத்ததல்ல. அதை மாற்ற வேண்டுமானால் பெரிய கல்லோடு சின்னக் கல்லைக் கலக்க வேண்டும். அப்போது சின்னவை பெரியவற்றின் சந்துக்குள் புகுந்து, வாளியின் எடையைக் கூட்டிவிடும். முக்கால் ஜல்லியோடு அரை அங்குல ஜல்லியையும் ஒரு பங்கு கலந்து கான்கிரீட் போடுவதன் காரணம் இதுதான்.

குவியலைக் கணக்கில் பிடிக்கும் ஆசை பழையது. 499ஆம் ஆண்டில் ஆரியபடர் எழுதிய ஆரியபடீயத்திலேயே, உருண்டைகளை முக்கோண அடுக்குகளாகக் கூம்புபோல் குவித்தால் மொத்தம் எத்தனை இருக்கும் என்பதற்குச் சூத்திரம் உண்டு. அடுக்குகளின் எண்ணிக்கை, அதற்கு அடுத்த எண், அதற்கும் அடுத்த எண் மூன்றையும் பெருக்கி 6ஆல் வகுக்க வேண்டும். 10 அடுக்கு என்றால் 10 × 11 × 12 ÷ 6 = 220 உருண்டைகள். இத்தகைய ஒழுங்கான அடுக்கில் உருண்டைகள் இடத்தில் 74 சதவீதத்தை நிரப்புகின்றன. இதைவிட நெருக்கமாக எப்படியும் அடுக்க முடியாது என்று 1611இல் கெப்ளர் சொன்னார். பழக்கடைக்காரர்கள் கையால் செய்துகாட்டும் இந்த உண்மைக்கு நிரூபணம் வரக் கணிதம் 387 ஆண்டுகள் காத்திருந்தது. 1998இல் தாமஸ் ஹேல்ஸ் கணினியின் துணையோடு அதை முன்வைத்தார்.

ஜல்லியை யாரும் அடுக்குவதில்லை, கொட்டுகிறோம். கொட்டினால் ஒழுங்கு போய்விடும். எஃகு உருண்டைகளைப் பாத்திரத்தில் கொட்டிக் குலுக்கிப் பார்த்த சோதனைகளில், எவ்வளவு குலுக்கினாலும் நிரம்பிய இடம் 64 சதவீதத்தோடு நின்றுவிட்டது. குலுக்காமல் விட்டால் 60 சதவீதம்தான். உருண்டைகளின் கதை இது. ஜல்லிக்கு முனை உண்டு, விளிம்பு உண்டு, சொரசொரப்பு உண்டு. ஒரு கல் இன்னொன்றின் மேல் வழுக்கி இறங்காமல் பாலம்போட்டு நின்றுவிடுகிறது. அந்தப் பாலத்துக்கு அடியில் ஒரு பொந்து. அதனால்தான் நம் வாளியில் கல் 55 சதவீதத்தைத் தாண்டவில்லை.

அந்த முனைகளைத் தருவது கிரஷரின் தாடை. 1858இல் அமெரிக்காவின் எலி விட்னி பிளேக் இதற்குக் காப்புரிமை பெற்றார். அவருடைய ஊருக்குக் கல் சாலை போடும் பொறுப்பு வந்தபோது, கையால் கல் உடைக்கும் வேலையின் மெத்தனத்தைப் பார்த்துக் கண்டுபிடித்தது. இரண்டு இரும்புத் தாடைகள், மேலே அகன்றும் கீழே குறுகியும் நிற்கின்றன. ஒன்று அசையாது, மற்றது முன்னும் பின்னும் மெல்லும். உடையும் கல் கீழிறங்கி மறுபடி கடிபட்டு மறுபடி கீழிறங்குகிறது. அடிச்சந்து எவ்வளவோ அதற்கேற்ற பருமனில்தான் வெளியேற முடியும். பிறகு அதிரும் சல்லடைகள் அதை ஒன்றரை, முக்கால், அரை, கால் அங்குலச் சிப்ஸ், தூள் என்று பிரிக்கின்றன. தாடையில் மட்டும் உடைந்த கல்லில் தட்டையான சில்லுகள் அதிகம் இருக்கும். தட்டைக் கல் கோணல்மாணலாகக் கிடந்து காற்றை அதிகம் பிடித்துவைக்கும். கல்லைக் கல்லின் மேலேயே வேகமாக வீசி மோதவிடும் விஎஸ்ஐ இயந்திரத்தில் ஒருமுறை போய் வந்தால் முனை மழுங்கி, கனசதுரத்தை நெருங்கிய வடிவம் கிடைக்கும்.

உடைபடும் கல்லும் லேசுப்பட்டதல்ல. பல்லாவரத்திலிருந்து செங்கல்பட்டுப் பக்கம்வரை நிலத்துக்கடியில் பரவியிருக்கும் நீலச் சாயல் கொண்ட கருங்கல்லுக்குப் பாறையியலில் சார்னோக்கைட் என்று பெயர். கொல்கத்தாவில் உள்ள, கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி ஜோப் சார்னோக்கின் கல்லறைக் கல் இந்தப் பகுதியிலிருந்து போனது. அதை ஆராய்ந்த தாமஸ் ஹாலண்ட் 1893இல் சார்னோக்கின் பெயரையே பாறைக்கு வைத்தார். ஏறக்குறைய 250 கோடி ஆண்டுகளுக்கு முன், தரைக்கு 20 கிலோமீட்டருக்கும் கீழே, 700 டிகிரிக்கு மேற்பட்ட வெப்பத்தில், தண்ணீர் மிகக் குறைவாக இருந்த சூழலில் வெந்த கல் இது. மேலே இருந்த அத்தனை கிலோமீட்டர் பாறையும் அரித்துப் போன பிறகே வெளிச்சத்துக்கு வந்தது. கட்டுமான வேலையில் ‘புளூ மெட்டல்’ என்று நாம் கேட்டு வாங்கும் சரக்கின் வயது அது.

சரி, சரக்கு வந்து வாசலில் கொட்டியாகிவிட்டது. அளப்பது எப்படி? குவியலைக் கலைக்காமலே ஒரு கயிற்றால் அளக்கலாம். 1150இல் பாஸ்கராச்சாரியார் எழுதிய லீலாவதியில் தானியக் குவியலுக்கு ஒரு வழி இருக்கிறது: குவியலின் அடிச்சுற்றளவை 6ஆல் வகுத்து, வர்க்கம் எடுத்து, உயரத்தால் பெருக்கு. ஒரு குவியலின் சுற்றளவு 44 அடி, உயரம் ஐந்தேகால் அடி என்றால் விடை 282 கன அடி. இன்றைய கூம்புச் சூத்திரத்தில் 270 வரும். பை என்ற எண்ணை 3 என்று எளிமையாக்கிக்கொண்டதால் வந்த வேறுபாடு அது. நூற்றுக்கு 5ஐத் தாண்டவில்லை. அதே கயிறும் அதே பெருக்கலும், 6இன் வர்க்கமான 36க்குப் பதிலாக 38 என்ற எண்ணும் போதும். சுற்றளவின் வர்க்கத்தை உயரத்தால் பெருக்கி 38ஆல் வகுத்தால் சரியான அளவு.

லீலாவதி இன்னும் ஒரு படி மேலே போகிறது. உயரத்தை அளக்கவே வேண்டாம் என்கிறது! நுண்ணிய தானியமானால் உயரம் சுற்றளவில் பதினொன்றில் ஒரு பங்கு. பருத்த தானியமானால் பத்தில் ஒரு பங்கு. கூரும் உமியும் கொண்ட தானியமானால் ஒன்பதில் ஒரு பங்கு. கொட்டிய குவியல் எதுவும் தன் இஷ்டத்துக்கு உயர முடியாது. ஒரு குறிப்பிட்ட சரிவைத் தாண்டினால் மேலே விழுவது வழிந்து கீழே வந்துவிடும். அந்தச் சரிவுக்குக் குவியல் கோணம் என்று பெயர் வைப்போம். பாஸ்கரரின் மூன்று பின்னங்களையும் கோணமாக மாற்றினால் 30, 32, 35 பாகை கிடைக்கின்றன. சொரசொரப்புக் கூடக் கூடச் சரிவு செங்குத்தாகிறது. கருங்கல் ஜல்லி ஏறக்குறைய 37 பாகையில் நிற்கும். அதைப் பின்னமாக்கினால் எட்டரையில் ஒரு பங்கு. பதினொன்று, பத்து, ஒன்பது என்று இறங்கிவந்த வரிசையில், ஜல்லி எட்டரையாகப் போய் உட்கார்ந்துவிடுகிறது!

நடைமுறையில் டிப்பர் கொட்டும் குவியல் நீளவாக்கில் விழும், வட்டக் கூம்பாக இருக்காது. அதனால் லாரியின் பாடியிலேயே அளந்துவிடுவதுதான் நம்பகமான வழி. உள்ளளவு 14 அடி நீளம், 7 அடி அகலம், 3 அடி உயரம் என்றால் 294 கன அடி. மூன்று யூனிட்டுக்கு ஆறு கன அடி குறைவு. மேலே கூம்பாகத் தெரிந்தாலும் நான்கு மூலைகளும் தாழ்ந்திருக்கும். கையால் நிரவிவிட்டுத்தான் உயரத்தைப் பிடிக்க வேண்டும்.

லாரி ஓடும்போது உள்ளே இன்னொரு வேலை நடக்கிறது. படியைக் குலுக்கி அளந்தால் அரிசி கூடுதலாகக் கொள்ளும் அல்லவா, அதேபோல் ஒவ்வொரு வேகத்தடையிலும் ஒவ்வொரு குழியிலும் கற்பாலங்கள் கொஞ்சம் கொஞ்சமாக இடிந்து, கல் நெருங்கிப் படிகிறது. மூன்றடி உயரத்தில் மூன்று அங்குலம் இறங்கிவிட்டால், 24 கன அடிக்கு மேல் ‘காணாமல்’ போயிருக்கும். கால் யூனிட்! யாரும் திருடவில்லை. காற்றுதான் வெளியேறியிருக்கிறது. கூடவே பொடிக்கல் பெரிய கற்களின் சந்து வழியாக நழுவி அடிக்கு இறங்கிவிடும். லோடின் மேற்புறத்தை மட்டும் பார்த்து ‘சுத்தமான ஜல்லி’ என்று முடிவு செய்யக் கூடாது. தூளும் சிப்ஸும் அடியில் இருக்கும்.

படிந்த கல்லைக் கிளறினால் மறுபடி உப்பும். இதைப் பார்க்கக் கடற்கரைக் கோயில் பக்கத்து மணலில் அலை இப்போதுதான் பின்வாங்கிய இடத்தில் காலை அழுத்தி வையுங்கள். காலைச் சுற்றி ஒரு கணம் மணல் வறண்டு வெளுக்கும். அழுத்தினால் ஈரம் பிதுங்கி மேலே வர வேண்டும், உள்ளே போகிறதே! அலை நன்றாகப் படியவைத்த மணல்மணிகள், நகர வேண்டுமானால் ஒன்றின் மேல் ஒன்று ஏறியாக வேண்டும். ஏறும்போது இடைவெளி பெருகுகிறது. மேலே இருந்த நீர் அந்த இடைவெளிக்குள் உறிஞ்சப்படுகிறது. 1885இல் ஆஸ்போர்ன் ரெனால்ட்ஸ் இதை விளக்கினார். டிப்பர் பாடியைத் தூக்கிக் கொட்டும்போதும் இதுவேதான் நடக்கிறது. வழியில் படிந்துபோன கல், விழுந்து குவியும்போது இழந்த காற்றை மீண்டும் பிடித்துக்கொள்கிறது.

எடைக்கு இந்தக் குழப்பம் இல்லை. காற்று வந்தாலும் போனாலும் டன் மாறாது. நம் வாளிக் கணக்குப்படி ஒரு யூனிட் முக்கால் ஜல்லி ஏறக்குறைய 4.2 டன், கல்லின் வடிவத்தையும் கலவையையும் பொறுத்து 4 முதல் 4.5வரை போகலாம். அந்த 294 கன அடி லோடு எடை மேடையில் லாரியின் வெற்று எடை போக 12 டன்னுக்கு மேல் காட்ட வேண்டும். கருங்கல் தண்ணீரை அதிகம் குடிக்காது என்பதால், மழையில் நனைந்த ஜல்லியும் எடையில் பெரிதாக ஏமாற்றாது.

மணல் அப்படியல்ல. 4, 5 சதவீத ஈரம் ஏறினால் போதும், நுண்மணலும் எம்சாண்டும் 20 முதல் 30 சதவீதம் உப்பிவிடும். மணிகளைச் சுற்றிப் படியும் மெல்லிய நீர்ப்படலம் அவற்றை நெருங்கவிடாமல் பிடித்துவைக்கிறது. முழுக்கத் தண்ணீரில் மூழ்கடித்தால் அந்தப் படலம் அழிந்து, மணல் பழைய அளவுக்கே உட்கார்ந்துவிடும். மழை பெய்த மறுநாள் கன அடிக் கணக்கில் மணல் வாங்குகிறவர் நீருக்கும் காற்றுக்கும் சேர்த்தே காசு கொடுக்கிறார்.

இனி நம் வீட்டுக் கணக்கு. வாசலில் பரப்ப மட்டும் என்றால் மிக எளிது. நீளம், அகலம் இரண்டும் அடியில், கனம் அங்குலத்தில். மூன்றையும் பெருக்கி 12ஆல் வகுத்தால் கன அடி. 20 அடிக்கு 10 அடி இடத்தில் 3 அங்குலம் பரப்ப 50 கன அடி, அதாவது அரை யூனிட். ரோலர் வைத்து அழுத்துவதானால் 20 முதல் 40 சதவீதம் கூடுதலாக வேண்டும். சாலைக்காரர்கள் 100 மில்லிமீட்டருக்குப் பரப்பிய கல்லை 75 மில்லிமீட்டராக அழுத்துகிறார்கள்.

தளம் போடும் கணக்கில்தான் வித்தை இருக்கிறது. 1,000 சதுர அடித் தளம், 5 அங்குலக் கனம். கான்கிரீட் 417 கன அடி தேவை. கலவை ஒன்றுக்கு ஒன்றரைக்கு மூன்று: ஒரு பங்கு சிமென்ட், ஒன்றரைப் பங்கு மணல், மூன்று பங்கு ஜல்லி. இங்கே மேஸ்திரியும் இன்ஜினியரும் 417ஐ அப்படியே பங்கு போட மாட்டார்கள். முதலில் 1.54ஆல் பெருக்குவார்கள். 642 கன அடி வருகிறது. இதை ஐந்தரைப் பங்காக்கினால் ஒரு பங்கு 117 கன அடிக்குச் சற்றுக் குறைவு. சிமென்ட் சுமார் 95 மூட்டை, மணல் 175 கன அடி, ஜல்லி 350 கன அடி. மூன்றரை யூனிட்.

642 கன அடி சரக்கைக் கொட்டிக் கலக்கினால் 417 கன அடிதான் கிடைக்கிறது. மீதி 225 எங்கே போயிற்று? வாளியை நினைத்துக்கொண்டால் விடை தெரியும். 350 கன அடி ஜல்லியில் உண்மையான கல் 192தான். 175 கன அடி மணலில் மணி 105. 95 மூட்டை சிமென்டில் காற்றை நீக்கினால் தூள் 53 கன அடி. கலக்கும் தண்ணீர் ஏறக்குறைய 75. கூட்டுங்கள்: 425. நமக்கு வேண்டிய 417ஐச் சில சதவீத வேறுபாட்டில் வந்து தொட்டுவிட்டது! ஜல்லியின் சந்தை மணல் நிரப்புகிறது. மணலின் சந்தைச் சிமென்ட் கூழ் நிரப்புகிறது. கல் தன்னிடம் வைத்திருந்த வெற்றிடத்தில்தான் மற்ற இரண்டும் குடியேறுகின்றன. விலை கூடிய சிமென்ட் செல்ல வேண்டிய இடத்தை விலை குறைந்த கல்லும் மணலும் முடிந்தமட்டும் அடைத்துக்கொள்வதுதான் நல்ல கலவையின் சிக்கனம்.

அப்படியானால் பெரிய கல்லாகவே போடலாமே, முக்கால் அங்குலம் ஏன்? கல்லின் அளவு தளத்தின் கனத்தில் கால் பங்கைத் தாண்டக் கூடாது என்பது இந்தியத் தர விதி. 5 அங்குலத் தளம் 125 மில்லிமீட்டர். கால் பங்கு 31. 40 மில்லிமீட்டர் கல் சேராது; 20 சேரும். கம்பிகளுக்கு நடுவிலும் அது தடையின்றி இறங்கும். மறுபுறம், கல் சிறிதாகச் சிறிதாகச் சிமென்ட் செலவு ஏறும். 40 மில்லிமீட்டர் கனசதுரம் ஒன்றை எட்டாக வெட்டினால் 20 மில்லிமீட்டர்த் துண்டுகள் கிடைக்கும், மேற்பரப்பு இரட்டிப்பாகிவிடும். ஒரு யூனிட் முக்கால் ஜல்லியில் தோராயமாக 2 லட்சம் கற்கள் இருக்கின்றன. அவற்றின் முகங்களை எல்லாம் விரித்துப் போட்டால் 5,000 சதுர அடி, இரண்டு கிரவுண்டுக்கும் மேல். அவ்வளவு பரப்பையும் சிமென்ட் கூழ் ஒன்றுவிடாமல் பூசியாக வேண்டும்.

இப்போது பணத்துக்கு வருவோம். ஜல்லியின் விலை குவாரியின் தூரத்தோடு ஓடுவது. டீசலும் வாடகையும் அதில் பெரும்பங்கு. மாமல்லபுரம் பக்கத்து மனைக்கு ஒரு விலை, அதே சரக்குக்குச் சென்னையின் நடுவில் வேறு விலை. கணக்கு புரிவதற்காகக் கன அடி 45 ரூபாய், யூனிட் 4,500 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். 350 கன அடிக்குச் சிந்தல் சிதறலுக்கு 5 சதவீதம் சேர்த்தால் 368. ஆனால் 4 யூனிட்டாகவே சொல்வது நல்லது. கான்கிரீட் நடுவில் ஜல்லி தீர்ந்து வேலை நின்றால், பழையதும் புதியதும் ஒட்டாமல் ஒரு கோடு விழும். பிற்காலத்தில் மழைநீர் அந்தக் கோட்டைத்தான் தேடிவரும். மிஞ்சும் 32 கன அடி வாசலில் 128 சதுர அடிக்கு 3 அங்குலம் பரப்ப உதவும். 4 யூனிட்டுக்கு 18,000 ரூபாய், 5 சதவீத ஜிஎஸ்டி 900, ஆக 18,900.

இன்னொரு கடைக்காரர் டன் 1,050 ரூபாய் என்கிறார். யாரிடம் மலிவு? யூனிட்டுக்கு 4.2 டன் என்றால் அவருடைய யூனிட் விலை 4,410, அவரிடம் வாங்கலாம். அதே யூனிட் 4.4 டன் நிற்கிற சரக்கானால் 4,620, முதலாமவரே மலிவு. கல் ஒன்றுதான், விலையும் மாறவில்லை. கற்களின் நடுவில் உள்ள காற்று சற்றுக் கூடுவதும் குறைவதும் யாரிடம் வாங்குவது என்பதையே மாற்றிவிடுகிறது. வீட்டு வாளியும் ஒரு தராசும் இருந்தால் இந்த எண்ணை நாமே கண்டுபிடித்துவிடலாம்: 20 லிட்டர் ஜல்லியின் எடையைக் கிலோவில் எடுத்து 0.14ஆல் பெருக்கினால், ஒரு யூனிட் எத்தனை டன் என்று வந்துவிடும்.

ஆகவே, ஆர்டர் கொடுக்கும்போது மூன்று கேள்விகள் கேட்டுவிடுங்கள். விலை யூனிட்டுக்கா, டன்னுக்கா? அளவு எடுப்பது கிரஷரில் ஏற்றியதுமா, நம் வாசலில் வந்து நின்ற பிறகா? லாரி வாடகையும் ஜிஎஸ்டியும் அதில் அடங்குமா? இறங்கும்முன் டேப்பால் பாடியின் உள்ளளவைப் பிடித்து, மூலைகளை நிரவச் சொல்லுங்கள். அந்த 18,900 ரூபாய்க்கு வீட்டு வாசலில் வந்து இறங்குவது 220 கன அடி கருங்கல்லும், மணலும் சிமென்டும் குடியேறுவதற்கான 180 கன அடி இடமும்.